வெள்ளைப் பெட்டியும் வெள்ளிக்கிழமைச் சூடும்

மதலேனாவுக்குக் கோபம் வந்தால் முதலில் காது சுடும். அப்புறம் மூக்கு சுடும். அதையும் தாண்டிப் போனால் வாய் திறந்துவிடும். வாய் திறந்த பிறகு அவளை அடக்க யாராலும் முடியாது என்று அவள் அம்மா சொல்வார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்து எல்லாரும் தேவாலய வாசலில் தேநீர் குடித்துக்கொண்டிருந்தார்கள். அப்போது அவளுக்குக் காதும் மூக்கும் சேர்ந்தே சுட்டன.

காரணம் எட்மண்ட் சார். மதலேனாவின் ஜோன் அத்தை வேலை பார்க்கும் ஆய்வு அலுவலகத்தில் அவர்தான் பெரிய அதிகாரி. ஒரு கையில் தேநீர், இன்னொரு கையில் கேக் துண்டு, வாய் நிறையச் சிரிப்பு.

"நம்ம மிஸ் ஜோன் கிளமெண்டியில ஒரு பெட்டி வெச்சிருக்காங்களே, தெரியுமா?" என்று சுற்றி நின்றவர்களிடம், சிங்கப்பூர்ப் பேச்சுக்கே உரிய 'லா' சேர்த்து ஆரம்பித்தார். "வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஆனா அதுக்குக் காய்ச்சல் வந்துடுது லா. வாராவாரம் இதே கூத்துதான். ஒண்ணு, பெட்டி தூங்குது. இல்லாட்டி மிஸ் ஜோன் தூங்குறாங்க."

எல்லாரும் சிரித்தார்கள். மதலேனாவின் அப்பா பெர்னார்டுகூட, மரியாதைக்காகப் பாதிச் சிரிப்பு சிரித்துவைத்தார். சொந்தத் தங்கையைக் கேலி செய்கிறார்கள், இவர் சிரிக்கிறார். ஜோன் அத்தை மட்டும் கோப்பையையே பார்த்துக்கொண்டு நின்றார்.

எட்மண்ட் சார் அதோடு விட்டாரா என்றால், இல்லை.

"வர்ற வெள்ளிக்கிழமை விட்டு அதுக்கு அடுத்த வெள்ளிக்கிழமை நானே வந்து பார்க்கிறேன், மிஸ் ஜோன். பார்த்துட்டு அன்னிக்கே பெட்டியைத் தூக்கிடலாம். இதுவரைக்கும் எடுத்த அளவையெல்லாம் குப்பையில போட்டுடலாம். பொம்பளைங்களுக்கு எதுக்கு இந்த வெயில்ல அலைச்சல்? ஆபீஸ்ல டைப் அடிக்க ஆள் இல்லாமக் கிடக்கு."

கோபம் வருமா, வராதா? நீங்களே சொல்லுங்கள்.

ஜோன் அத்தை லண்டன் வரைக்கும் போய் டாக்டர் பட்டம் வாங்கி வந்தவர். ஊசி போடும் டாக்டர் இல்லை. வெயிலையும் காற்றையும் மழையையும் படித்த டாக்டர். அவரைப் போய் டைப் அடி என்கிறார் ஒருவர், அதுவும் கேக்கை மென்றுகொண்டே.

இது நடந்தது 1981-இல். அப்போது சிங்கப்பூரில் எங்கே பார்த்தாலும் கம்பம் என்று சொல்லும் பழைய கிராமங்களின் வீடுகளை இடித்துவிட்டு அடுக்குமாடி கட்டிக்கொண்டிருந்தார்கள். மரம் இருந்த இடத்தில் தார்ச்சாலை வந்தது. எல்லாருக்கும் புது வீடு, குழாயில் தண்ணீர், சுவிட்சைத் தட்டினால் விளக்கு. ரொம்ப நல்லதுதான். ஆனால் அத்தை ஒரு கேள்வி கேட்டார். மரம் போய்க் கட்டடம் வந்த இடத்தில் சாயங்காலம் குளிருமா, குளிராதா?

அவருடைய அலுவலகத்தில் அதை அதுவரை ஒருவரும் கேட்டதில்லை.

பதில் தேடி அத்தை இரண்டு வெள்ளைப் பெட்டிகள் வைத்தார். ஒன்று செம்பவாங்கில், பழைய பழத்தோட்டம் ஒன்றின் நடுவே. இன்னொன்று கிளமெண்டியில், அத்தையும் மதலேனா வீட்டாரும் சேர்ந்து குடியிருந்த அடுக்குமாடி புளோக்கின் கீழே இருந்த புல்தரையில். நாலு கால், காற்றுப் போய்வரச் சுற்றிலும் சாய்வான சட்டங்கள், முன்னால் ஒரு சின்னக் கதவு. உள்ளே இரண்டு வெப்பமானிகள். ஒன்று சும்மா இருக்கும். மற்றதன் நுனியில் ஈரத்துணி சுற்றியிருக்கும், காற்றில் எவ்வளவு ஈரம் என்று அறிய. பக்கத்தில் ஓர் உருளை மெதுவாகச் சுற்றும். அதில் சுருட்டிய தாளின் மேல் ஒரு பேனா தானாகக் கோடு போடும். சூடு ஏறினால் கோடு ஏறும், இறங்கினால் இறங்கும்.

அந்தக் கோடு என்ன சொன்னது தெரியுமா? சூரியன் மறைந்ததும் செம்பவாங் சட்டென்று குளிர்ந்தது. கிளமெண்டி குளிரவில்லை. பகலெல்லாம் சிமெண்டும் தாரும் குடித்த வெயில் ராத்திரியில் வெளியே வந்துகொண்டிருந்தது.

"இன்னிக்கு ஒரு கிளமெண்டி. நாளைக்கு ஊர் முழுக்க இப்படி ஆனா என்ன செய்வோம்? இப்பவே மரத்துக்கு இடம் விட்டுக் கட்டணும்," என்று அத்தை மேலிடத்துக்குச் சொல்லிப் பார்த்தார். கேட்க ஆள் இல்லை. பெட்டிக்கு ஒரு வேலியும் பூட்டும் கேட்டார். "ஒரு லேடி வெச்ச பெட்டிக்கு வேலி வேறயா?" என்று எட்மண்ட் சார் கைவிரித்துவிட்டார்.

வீட்டுக்கு வந்ததும் மதலேனா வெடித்தாள்.

"நீங்க ஏன் அத்தை அவருக்குத் திருப்பிக் குடுக்கல? நானா இருந்தா அந்தக் கேக்கைப் பிடுங்கியிருப்பேன்."

"குடுக்க என்கிட்ட பதில் இல்லையே," என்றார் அத்தை. "வெள்ளிக்கிழமை கோடு நெசமாவே குதிக்குது. மத்த நாள்ல ஒழுங்கா இருக்கு. ஏன்னு எனக்கே புரியல."

"நீங்க பார்க்கலையா?"

"வெள்ளிக்கிழமைதான் நான் செம்பவாங் பெட்டியைப் பார்க்கப் போயிடறேனே. பஸ் பிடிச்சு வீடு வந்து சேர ராத்திரி ஆயிடுது."

மதலேனா யோசித்தாள். அத்தை இல்லாத நாளில் பெட்டிக்குக் காய்ச்சல். அப்படியென்றால் அன்றைக்கு யாராவது பார்க்கவேண்டும்.

வெள்ளிக்கிழமை வந்தது. மதலேனா வீட்டுப்பாடத்தை முடித்துவிட்டு, இரண்டாம் மாடி நடைவழியில் நின்று கீழே பார்த்தாள். பொழுது சாய்ந்தது. விளக்குகள் எரியத் தொடங்கின.

முதலில் வந்தவர் மூன்று வீடு தள்ளி இருக்கும் சுந்தரம் மாமா. கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு, யாராவது பார்க்கிறார்களா என்று இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தார். மேலே பார்க்க மட்டும் மறந்துவிட்டார். பெட்டியின் கொக்கியை நீக்கிக் கதவைத் திறந்தார். உள்ளே இருட்டாக இருந்ததால் தீக்குச்சியைக் கிழித்து வெப்பமானிக்குப் பக்கத்திலேயே பிடித்தார்.

மதலேனா கைப்பிடிச் சுவரில் எக்கிக் குனிந்தாள்.

பின்னாலேயே தட்டோடு வந்தார் முதல் மாடி முத்தாயி அக்கா. பெட்டிக்கு அடியில் தட்டை வைத்துச் சூடம் ஏற்றிக் கண்ணை மூடிக் கும்பிட்டார். அடுத்து நாலாம் மாடிச் சீனப் பாட்டி. ஒரு பால் டின்னில் மண்ணை நிரப்பி, ஒரு கட்டு ஊதுபத்தியைச் செருகிவிட்டுப் போனார். புகையும் சூடும் சட்டங்களின் வழியே உள்ளே ஏறின. பாவம் அந்தப் பேனா, என்ன செய்யும்? பார்த்ததை எழுதியது.

மதலேனா இரண்டு இரண்டு படியாகத் தாவி இறங்கினாள்.

"சுந்தரம் மாமா, என்ன பண்றீங்க?"

மாமா துள்ளிவிட்டார். தீக்குச்சி விரலைச் சுட்டது.

"சத்தம் போடாதே லா," என்றார் விரலை ஊதிக்கொண்டே. "ரெண்டு கண்ணாடிக் குழாய் இருக்குல்ல? ஒண்ணுல ரெண்டு எண்ணு, இன்னொண்ணுல ரெண்டு எண்ணு. சேர்த்தா நாலு. நாளைக்கு நாலு நம்பர் லாட்டரிக் குலுக்கல். ஒரு தடவை இதைப் பார்த்துப் போட்டேன், ஆறுதல் பரிசு விழுந்துச்சு. அன்னியிலேர்ந்து புளோக்கே பார்க்குது."

"இது லாட்டரிப் பெட்டி இல்ல மாமா. எங்க அத்தையோட ஆராய்ச்சிப் பெட்டி."

"ஆராய்ச்சியா?" முத்தாயி அக்கா கண்ணைத் திறந்தார். "நாலு கால்ல வெள்ளையா கூடு, உள்ள தானா எழுதுற பேனா. உங்க அத்தை தினமும் விளக்கு வெக்கிற நேரத்துல வந்து, குனிஞ்சு பார்த்துட்டுப் போறாங்க. சாமின்னுல்ல நெனச்சோம். வெள்ளிக்கிழமைன்னா சூடம் ஏத்திட்டு, விடியறதுக்குள்ள இடத்தைக் கூட்டிச் சுத்தமா வெச்சுடுவோம்."

மதலேனாவுக்குச் சிரிப்பும் வந்தது, அழுகையும் வந்தது. மெல்லப் படியேறிப் போய்ப் படுக்கையில் உட்கார்ந்தாள்.

இப்போது என்ன செய்வது? விஷயத்தைச் சொன்னால் வெள்ளிக்கிழமைக் கோடு எல்லாம் தப்பு என்று ஆகிவிடும். எட்மண்ட் சார் சொன்னதுபோலவே ஆகிவிடும். அவர் இன்னும் பெரிய கேக்கோடு சிரிப்பார். சொல்லாமல் இருந்துவிட்டால்? அத்தை தப்பான கோட்டைச் சரி என்று நினைத்துக்கொண்டே இருப்பார். அதை நினைத்தால் இன்னும் மோசமாக இருந்தது.

அத்தை வந்து செருப்பைக் கழற்றுவதற்குள் மதலேனா எல்லாவற்றையும் கொட்டிவிட்டாள்.

அத்தை முதலில் சிரித்தார். கண்ணில் நீர் வரும்வரை சிரித்தார். "என்னையப் பூசாரி ஆக்கிட்டாங்களா?" என்றார். பிறகு சிரிப்பு நின்றது. சிவப்புப் பென்சிலை எடுத்தார். பழைய தாள்களை எல்லாம் விரித்து, வெள்ளிக்கிழமைக் கோடுகளை ஒவ்வொன்றாக அடித்தார். ஒன்றைக்கூட விடவில்லை.

"அப்போ எட்மண்ட் சார் சொன்னது சரியா அத்தை?" என்றாள் மதலேனா.

அத்தை பென்சிலைக் கீழே வைத்தார். இத்தனை நாளில் முதல் தடவையாக அவர் முகத்திலும் கோபம் தெரிந்தது.

"கோடு தப்புன்னாரு. அது சரி. நான் தூங்கறேன்னாரு. அது பொய். நான் கேட்ட வேலியை அன்னிக்கே குடுத்திருந்தா இந்தக் கோடு குதிச்சிருக்குமா? தானே ஓட்டையை விட்டுட்டு, ஒழுகுதுன்னு என்னைக் கேலி பண்றாரு."

"மத்த நாள் கோடு?"

"அது அத்தனையும் சரி. கிளமெண்டி நெசமாவே குளிரல. ஆனா அவர் வரும்போது அடியில சூடம் எரிஞ்சா, மத்ததை எல்லாம் யார் நம்புவாங்க? பெட்டியைத் தூக்கிடுவாங்க. இத்தனை வருஷ வேலை போச்சு."

அப்பா அதுவரை மூலையில் செய்தித்தாளுக்குப் பின்னால் இருந்தார். தாளை மடித்தார்.

"ஜோன், நான் அன்னிக்குச் சிரிச்சிருக்கக் கூடாது," என்றார். "நான் செம்பவாங் கப்பல் பட்டறையிலதானே வேலை பார்க்கிறேன்? அடுத்த வெள்ளிக்கிழமை அங்க இருக்கிற பெட்டியை நான் பார்த்துட்டு போன் பண்றேன். நீ இங்கேயே இரு."

"இங்க வர்ற கூட்டத்தை என்ன பண்றது?" என்றார் அம்மா. "பூட்டுப் போட்டுடலாமா?"

"பூட்டினாலும் சட்டத்து வழியா தீக்குச்சியை நீட்டுவாங்கம்மா. ஊதுபத்தி வெளியதானே எரியுது?" என்றாள் மதலேனா. "நான் பார்த்துக்கிறேன்."

விரட்டலாம். ஆனால் யாரை விரட்டுவது? அவளுக்கு அம்மை போட்டபோது தினமும் இளநீர் கொண்டுவந்தவர் முத்தாயி அக்கா. அவள் மிதிவண்டிச் சங்கிலி கழன்றால் கையெல்லாம் கறுப்பாக்கிக்கொண்டு மாட்டித் தருபவர் சுந்தரம் மாமா. அவர்களுக்கு அந்தப் பெட்டி வேண்டியதில்லை. ஒருவருக்கு எண் வேண்டும், ஒருவருக்குக் கும்பிட ஓர் இடம் வேண்டும். அதைக் கொடுத்துவிட்டால் போயிற்று.

மறுநாளே ஒரு கரும்பலகையைத் தேடி எடுத்து, புளோக்கின் கீழ்த்தளத் தூணில் கட்டினாள். தினமும் பொழுது சாய்ந்ததும் அத்தை அளவு பார்ப்பார். மதலேனா இரண்டு எண்ணையும் பலகையில் பெரிதாக எழுதிவைப்பாள்.

"பூசைக்குப் போற பிள்ளை லாட்டரி நம்பர் எழுதிப் போடுதா?" என்றார் அம்மா.

"நான் வெயிலைத்தாம்மா எழுதறேன். அதை வெச்சு அவங்க என்ன பண்ணுவாங்கன்னு எனக்குத் தெரியாது."

சுந்தரம் மாமாவுக்கு ரொம்பச் சந்தோஷம். இருட்டில் பதுங்க வேண்டியதில்லை, விரல் சுட வேண்டியதில்லை. நாற்காலி போட்டு உட்கார்ந்தே பார்த்துக்கொள்ளலாம். "ஆனா எனக்கு மட்டும் அஞ்சு நிமிஷம் முன்னாடி சொல்லிடு லா," என்றார். முடியாது என்று மதலேனா தலையாட்டிவிட்டாள்.

முத்தாயி அக்காதான் லேசில் மசியவில்லை.

"அதுல சாமி இல்லக்கா. பாதரசம்தான் இருக்கு."

"சாமி இல்லாத இடம்னு ஒண்ணு இருக்கா மதலேனா?" என்று மடக்கினார் அக்கா.

மதலேனா அக்காவுக்குப் பின்னால் கைகாட்டினாள்.

"அப்போ அந்த மரத்தடியிலயும் இருக்கும்ல?"

அக்கா திரும்பிப் பார்த்தார். புல்தரையின் அந்தக் கோடியில் ஓர் அங்சானா மரம் நின்றது. பெட்டிக்கு வெகு தூரம்.

"வாயாடி," என்றார் அக்கா. ஆனால் அன்றைக்கே மரத்தடியைக் கூட்டித் தண்ணீர் தெளித்துவிட்டார். சீனப் பாட்டியின் பால் டின்னையும் அவரே கையோடு எடுத்துக்கொண்டு போனார். பாட்டியிடம் மலாய் மொழியில் நாலு வார்த்தை, கையால் நாலு சாடை. பாட்டிக்கு நிழல் பிடித்துப்போனது.

அந்த வெள்ளிக்கிழமை, எட்மண்ட் சார் லாரியோடு வந்து இறங்கினார். கூடவே பெட்டியைத் தூக்க இரண்டு ஆட்கள். பார்ப்பதற்கு முன்னாலேயே தூக்க ஆள் கூட்டி வந்திருக்கிறார், பாருங்கள்.

அத்தை எதையும் மறைக்கவில்லை. தாள்களைக் காட்டினார். "வெள்ளிக்கிழமை அளவை எல்லாம் நானே அடிச்சுட்டேன் சார். பெட்டிக்கு அடியில சூடம் ஏத்தியிருக்காங்க. மத்த நாள் அளவு எல்லாம் சரியானது."

எட்மண்ட் சார் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "ஆக, கோயிலே கட்டிட்டாங்க. இதைப் போய் ஆராய்ச்சின்னு மேலிடத்துக்கு அனுப்பச் சொல்றீங்க. தூக்குங்கப்பா."

ஆட்கள் பெட்டியின் காலைப் பிடித்தார்கள். மதலேனாவுக்குக் காது சுட்டது. மூக்கு சுட்டது. ஓடிப்போய்ப் பெட்டிக்கு முன்னால் நின்றாள்.

"வெள்ளிக்கிழமை சாயங்காலம் என்ன நடக்குதுன்னு பார்க்கத்தானே சார் வந்தீங்க? இன்னும் சாயங்காலமே ஆகல. அதுக்குள்ள தூக்கினா என்ன நியாயம்? இருட்டற வரைக்கும் நின்னு பாருங்க."

ஆட்கள் கையை எடுத்துவிட்டார்கள். சின்னப் பெண் முன்னால் பயந்து ஓடியதுபோல் தெரியக்கூடாதே என்று எட்மண்ட் சாரும் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

பொழுது சாய்ந்தது. அத்தை அளவு பார்த்தார், மதலேனா பலகையில் எழுதினாள். சுந்தரம் மாமா வந்தார். தூணுக்குப் போய் எண்ணைப் பார்த்து, உள்ளங்கையில் குறித்துக்கொண்டு உட்கார்ந்தார். முத்தாயி அக்கா தட்டோடு நேரே மரத்தடிக்குப் போனார். சீனப் பாட்டியின் ஊதுபத்தியும் அங்கேதான் புகைந்தது. பெட்டிப் பக்கம் ஒருவர்கூட வரவில்லை.

எட்மண்ட் சார் தானே போய்க் கதவைத் திறந்தார். டார்ச் அடித்துப் பார்த்தார். கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு மறுபடி பார்த்தார்.

"இருபத்தொன்பது டிகிரி," என்றார் மெதுவாக.

அப்போது மேலே தொலைபேசி ஒலித்தது. கொஞ்ச நேரத்தில் அம்மா நடைவழியிலிருந்து எட்டிப்பார்த்தார். "அவர் செம்பவாங்லேர்ந்து பேசினார். அங்க இருபத்தாறுதானாம்."

சூடம் இல்லை. தீக்குச்சி இல்லை. வெயில் போய் இருட்டிவிட்டது. ஆனாலும் கிளமெண்டி சுட்டுக்கொண்டுதான் இருந்தது. அத்தை தாள்களில் மற்ற நாள் கோடுகள் சொன்னதும் இதையேதான்.

எட்மண்ட் சாரின் முகத்தில் சிரிப்பைக் காணோம். கொஞ்சம் இருமினார். ஆட்களைப் பார்த்து, "பெட்டி இருக்கட்டும். நாளைக்கு வேலி போட ஆள் அனுப்பறேன்," என்றார். அப்புறம் குரல் மாறியது. "நல்ல கண்டுபிடிப்பு. ரொம்ப முக்கியமான கண்டுபிடிப்பு. மேலிடத்துக்கு நானே எழுதறேன்."

பெட்டியின் மேலேயே ஒரு தாளை வைத்து எண்களை எழுதினார். அடியில் 'கண்டறிந்தவர்' என்று எழுதி, எட்மண்ட் என்று போட்டார்.

மதலேனா எட்டிப்பார்த்தாள். இரண்டு வாரம் கேலி, ஒரு நிமிடத்தில் கண்டுபிடிப்பு, அதுவும் அவருடையதாம்.

"பேர் தப்பு சார்," என்றாள்.

"என்னம்மா?"

"கண்டறிந்தவர் பேர் தப்பா இருக்கு. பெட்டி வெச்சது அத்தை. பஸ்ல போனது அத்தை. தப்பான கோட்டைத் தானே அடிச்சதும் அத்தை. நீங்க இன்னிக்கு ஒரு நாள் வந்தீங்க."

சுந்தரம் மாமா நாற்காலியிலிருந்து எழுந்து நின்றார். மரத்தடியிலிருந்து முத்தாயி அக்கா தட்டோடு நடந்து வந்தார். லாரி ஆட்கள் தரையைப் பார்த்தார்கள்.

"குழந்தை ஏதோ சொல்லுது, மிஸ் ஜோன்," என்று எட்மண்ட் சார் சிரிக்கப் பார்த்தார்.

அத்தை சிரிக்கவில்லை. "குழந்தை சரியாத்தான் சொல்லுது. மாத்தி எழுதுங்க சார்."

எட்மண்ட் சார் தன் பெயரை அடித்தார். பக்கத்தில் ஜோன் என்று எழுதிப் பேனாவை மூடப் போனார்.

"முழுசா எழுதுங்க சார்," என்றாள் மதலேனா.

அவர் மறுபடி குனிந்தார். எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்க, டாக்டர் ஜோன் சூசைநாதன் என்று முழுதாக எழுதி முடித்தார்.